கையைத் தூக்கினால் ஏறக் கூடாது

என் ஓரகத்திக்குத் தோள் அழகு. இதைச் சொல்வதில் எனக்கு ஒரு சந்தோஷமும் இல்லை. ஆனால் இதைச் சொல்லாமல் மேலே சொல்ல வழியில்லை.

அவள் என் கொழுந்தனாரின் மனைவி. வாலாஜாபாத்துக்கு உள்ளே தள்ளியிருக்கிற ஒரு ஊரிலிருந்து மண்ணூரில் எங்கள் வீட்டுக்கு வாழ வந்தவள். பள்ளிக்கூட நாளிலிருந்து கபடி ஆடியவள். கல்யாணம் நிச்சயமாகும்வரை மாவட்ட அணியில் இருந்தாள். மாலை மாற்றும்போது என் சித்தி என் காதருகே வந்து, "பொண்ணுக்குத் தோளப் பாரு, ஆம்பளக்கணக்கா கீது" என்றாள். நானும் சிரித்து வைத்தேன். ஆனால் எனக்குத் தெரியும். ஊசி பிடித்தவளின் கண்ணை ஏமாற்ற முடியாது. எந்தத் துணியைப் போட்டாலும் தானாகப் போய் உட்காருகிற தோள் அது. என் தோள் சரிவு. கடையில் ஹேங்கரிலிருந்து நழுவிக் கீழே கிடக்குமே சில துணி, அந்த மாதிரி எதைப் போட்டாலும் என் மேலிருந்து நழுவும்.

ஒரகடம் போகிற சாலையில் சுற்றிலும் கார் செய்கிறவர்கள், காருக்கு டயர் செய்கிறவர்கள், போன் செய்கிறவர்கள். அவர்களுக்கு நடுவில் துணி தைக்கிற கம்பெனி எங்களுடையது. காலையில் அந்த ரோட்டில் போகிற பஸ்களில் பாதிப் பேருக்கு இப்படி ஒரு கம்பெனி இருப்பதே தெரியாது. அதில் நான் பேட்டர்ன் போடுகிறவள். துணியில் கத்தரி வைப்பதற்கு முன்னால் உடம்பு, கை, காலர் என்று ஒவ்வொரு பாகத்தையும் அட்டையில் வரைந்து வெட்டிக் கொடுக்க வேண்டும். அந்த அட்டையை வைத்துத்தான் கீழே ஆயிரக்கணக்கில் துணி வெட்டி, லைன் லைனாக உட்கார்ந்து தைப்பார்கள். வீட்டில் உட்கார்ந்து ரவிக்கை தைத்துக்கொண்டிருந்த நான் ஒவ்வொரு படியாக ஏறி வந்து பிடித்த இடம் அது. அதில் எனக்குக் கர்வம் உண்டு. இல்லை என்று சொன்னால் பொய்.

அதுவரை எங்கள் கம்பெனியில் ஆபீஸ் போகிறவர்கள் போடும் சட்டைதான் தைத்தோம். சாம்பிள் தைத்ததும் ஒரு பொம்மைக்கு மாட்டிப் பார்ப்போம். தலை கிடையாது, கை கிடையாது. என் வேலையைப் பற்றி அது ஒருநாளும் வாய் திறந்து குறை சொன்னதில்லை. அக்குளில் ஒரு சுருக்கம் இல்லாமல் சட்டை வழுவழுவென்று இறங்கும். மேனேஜர் தலையாட்டுவார். முடிந்தது.

பிறகுதான் மலை ஜாக்கெட் வந்தது. வெளிநாட்டுக் கம்பெனி ஒன்று, மலையேறுகிறவர்களுக்கான ஜாக்கெட்டை எங்களிடம் தைத்துப் பார்க்கலாம் என்று வந்தது. நல்லபடியாக அமைந்தால் பெரிய ஆர்டர். அவர்கள் சார்பில் வந்த அம்மா நெட்டையாக, நரைத்த தலையோடு, ஷூவில் மண்ணோடு இருந்தாள். மழைக்குத் தாங்குமா, காற்றுக்குத் தாங்குமா என்பதெல்லாம் துணி பார்த்துக்கொள்ளும், பேட்டர்னில் தனக்கு வேண்டியது ஒன்றே ஒன்று என்றாள். போட்டுக்கொண்டு இரண்டு கையையும் தலைக்கு மேலே தூக்கினால் ஜாக்கெட்டின் கீழ் விளிம்பு மேலே ஏறக் கூடாது. பாறையைப் பிடிக்கக் கை தூக்குகிறவளுக்கு இடுப்பில் குளிர் அடிக்கக் கூடாது, தோளில் துணி பிடித்து இழுக்கக் கூடாது. அவ்வளவுதான்.

எங்கள் சாம்பிள் ரூம் மேனேஜர் திருப்பூர்க்காரர். அவர் இன்னொன்றும் சொன்னார். "அப்ரூவல் ஆச்சுன்னா அவங்க கொடைக்கானல் பக்கம் மலையில போட்டு நடந்து பாக்கறாங்களாமுங்க. நம்ம ரூம்ல இருந்தும் ஒருத்தர் கூடப் போகோணும்."

ஒருத்தர் என்றால் வேறு யார்? பேட்டர்ன் போடுகிறவள்தானே. நான் பார்த்த ஒரே உயரம் திருக்கழுக்குன்றம் படிக்கட்டு. குளிர் என்றால் ஏசி பஸ். என் கையால் வரைந்த ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டு பனியில் நிற்கப் போகிறேன் என்று அன்றைக்கே மனதில் முடிவாகிவிட்டது. வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் கண் பட்டுவிடும் என்று நினைத்தேன். என் கண்ணே ஒரு கண் என்பது அப்போது தோன்றவில்லை.

கை தூக்கிப் பார்க்க வேண்டுமானால் பொம்மை உதவாது, ஆள் வேண்டும். அவர்கள் கொடுத்த அளவு அப்படியே உள்ள ஒரு பெண் உடம்பு வேண்டும். மேனேஜர் டேப்பும் அளவுமாக ஒவ்வொரு லைனிலும் ஆள் தேடினார். அப்போது செக்கிங் பிரிவிலிருந்து ஒரு கட்டுத் துணியைத் தோளில் போட்டுக்கொண்டு என் ஓரகத்தி வந்தாள். அவளைக் கம்பெனியில் சேர்த்துவிட்டதே நான்தான். வீட்டில் சும்மா இருக்கிறாளே என்று பாவம் பார்த்தேன். அளந்து பார்த்தால் மார்பு, இடுப்பு, தோள், கை நீளம் எல்லாம் கச்சிதம்.

"கடவுளே அளவெடுத்து அனுப்பிவெச்ச மாதிரி இருக்குதுங்க" என்றார் மேனேஜர்.

எனக்கு வயிறு எரிந்தது. அளவு பொருந்துவதில் என்ன சாமர்த்தியம்? அவள் அம்மா பெற்றுப் போட்டது. நான் உழைத்துக் கற்றது.

முதல் ஜாக்கெட்டை எனக்குத் தெரிந்த நல்ல முறையில்தான் போட்டேன். அவள் போட்டுக்கொண்டு நின்றபோது முதுகில் ஒரு கோடு இல்லை, அக்குளில் ஒரு மடிப்பு இல்லை. நான் இடுப்பில் கைவைத்துக்கொண்டு மேனேஜரைப் பார்த்தேன். அவள் கையைத் தூக்கினாள். விளிம்பு விருட்டென்று இடுப்புக்கு மேலே போய்விட்டது.

"அக்கா, இஸ்துகினு மேல வந்துடுச்சு."

கை பிடித்தால், உடம்புத் துணியில் கை வந்து சேருகிற கைக்குழியைக் கீழே இறக்கி ஆழமாக வெட்ட வேண்டும். ரவிக்கை தைக்கிற எல்லோருக்கும் தெரிந்த வைத்தியம் அது. "ஏம்மா, கை புடிக்குது" என்று எத்தனை பேர் என்னிடம் வந்திருக்கிறார்கள். ஒரு விரல் ஆழம் வெட்டிக் கொடுத்தால் சத்தம் போடாமல் போட்டுக்கொண்டு போவார்கள். இவளுக்கும் அப்படியே வெட்டினேன்.

"இப்ப முன்னவிட இழுக்குதுக்கா."

இன்னும் ஆழமாக வெட்டினேன். இன்னும் மோசம் என்றாள். மறுபடி வெட்டினேன். உதட்டைப் பிதுக்கினாள். நான் தளர்த்தத் தளர்த்த அவளுக்கு இறுக்குகிறதாம். இது எந்த ஊர் நியாயம்? மற்ற டெய்லர்களும் முகத்தைப் பார்த்துக்கொண்டார்கள். இவள் வேண்டுமென்றே சொல்கிறாள் என்று எனக்கு உறுதியாகிவிட்டது. வீட்டில் மூத்தவள் நான். சமையல்கட்டில் என் பேச்சு நடக்கிறது. அதற்கு இங்கே பழி தீர்க்கிறாள் என்று கணக்குப் போட்டேன்.

வீட்டில் அதைவிடக் கொடுமை. சாப்பிடும்போது அவள் கதை சொல்வாள். இன்றைக்கு உட்கார்ந்து எழச் சொன்னார்கள், ஸ்டோரில் இரும்பு ஏணியில் ஏறி இறங்கச் சொன்னார்கள், ஓடச் சொன்னார்கள் என்பாள்.

"துணியப் போட்டுகினு குதிக்கிறதுக்கா சம்பளம் தர்றான்?" என்று கேட்டு மாமியார் சிரிப்பார். கேலிதான். ஆனால் மறுநாள் பக்கத்து வீட்டில் அதையே பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தார். இத்தனை வருஷத்தில் என் வேலை என்ன என்று அவர் ஒரு முறைகூடக் கேட்டதில்லை. யாராவது விசாரித்தால், "பெரியவளா? அதே கம்பெனிதான், அட்ட வெட்டுறா" என்பார்.

ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் அறை காலியாக இருந்தது. அதே பேட்டர்னை என் உடம்புக்குப் பெரிதாக்கி ஒரு ஜாக்கெட் தைத்து ஒளித்து வைத்திருந்தேன். கதவைச் சாத்திவிட்டுப் போட்டுக்கொண்டு கையைத் தூக்கினேன். எங்கேயும் பிடிக்கவில்லை. விளிம்பு அசையவில்லை. மறுபடி தூக்கினேன், மறுபடியும் அசையவில்லை. எனக்கு ஆனந்தம் தாங்கவில்லை. வசமாக மாட்டினாள் என்று நினைத்தேன்.

அந்த வெளிநாட்டு அம்மா அடுத்த தடவை வந்தபோது எல்லோர் முன்னாலும் மேனேஜரிடம் சொன்னேன். "ஜாக்கெட்ல ஒண்ணும் கொறையில்ல சார். போட்டுக்கிறவங்க சொல்றதுலதான் கொற. வேணும்னா நானே போட்டுக் காட்டறேன்."

ஓரகத்தி என்னைப் பார்த்தாள். கோபமாகக்கூடப் பார்க்கவில்லை. நான் ஜாக்கெட்டை மாட்டி, நடு அறையில் நின்று, இரண்டு கையையும் தூக்கினேன். விளிம்பு அசையவில்லை. மேனேஜரைப் பார்த்தேன். அவர் என் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த அம்மாவும் என் கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு தன் கையை உயர்த்திக் காட்டி, இன்னும் மேலே என்று சைகை செய்தாள். தூக்கித்தானே இருக்கிறேன் என்று நான் விழித்தேன்.

அப்போது ஓரகத்தி என் பின்னால் வந்தாள். கபடி தொடங்குவதற்கு முன்னால் தன்னோடு ஆடுகிறவளுக்குக் கை நீவி விடுவார்களாம், அந்தப் பழக்கத்தில் என் இரண்டு முழங்கையையும் பிடித்தாள்.

"காது ஒசரத்துலயே நிக்குதுக்கா கை. இன்னும் மேல போ. பயப்படாத, ஒண்ணும் ஆவாது."

மெதுவாகத்தான் தூக்கினாள். தோளில் எதுவோ கடகடவென்றது. ஜாக்கெட் முழுசாக மேலே ஏறி விலா எலும்புக்கு வந்து நின்றது. உள்ளே இருந்த புடவைக் கொசுவமும் வயிறும் வெளியே தெரிய, அத்தனை பேர் நடுவில் நின்றேன். அவள் உடனே முன்னால் வந்து என்னை மறைத்துக்கொண்டு விளிம்பைக் கீழே இழுத்துவிட்டாள். அதற்காக அவளை இன்னும் வெறுத்தேன்.

அன்று கம்பெனி பஸ்ஸில் ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்து யோசித்தேன். என் கை எப்போது கடைசியாகத் தலைக்கு மேலே போனது? சுருக்கமில்லாமல் நானே தைத்துப் போட்ட ரவிக்கைக்குள் இருக்கிற கை அது. பஸ்ஸில் மேல் கம்பியைப் பிடிக்க மாட்டேன், சீட்டின் முதுகைப் பிடிப்பேன். பரணில் எதையாவது எடுக்க ஸ்டூல் போட்டு ஏறுவேன். கொடியில் துணி போடும்போது கொடியைக் கீழே இழுப்பேனே தவிரக் கையை உயர்த்த மாட்டேன். துணி பிடித்து இழுப்பதற்கு முன்னாலேயே என் கை தானாக நின்றுவிடுகிறது. துணிக்கு அது ஒருநாளும் தொந்தரவு கொடுத்ததில்லை. "கை புடிக்குது" என்று என்னிடம் வந்தவர்களும் அப்படித்தான் போயிருப்பார்கள். என் வைத்தியம் பலித்ததே அதனால்தான். ஜாக்கெட் சரியாக இருக்கிறது என்று நான் கண்டுபிடிக்கவே இல்லை. என் கை அதற்குமேல் போகாது என்பதைத்தான் கண்டுபிடித்திருந்தேன்.

முன்னால் அவள் நின்றுகொண்டு வந்தாள். மேல் கம்பியை ஒரு கையால் பிடித்திருந்தாள். பஸ் குலுங்கும்போதெல்லாம் அந்தக் கை நீண்டது, மடங்கியது, திரும்பியது. அதைப் பற்றி அவளுக்கு ஒரு நினைப்பும் இல்லை, பக்கத்திலிருந்தவளிடம் ஏதோ பேசிச் சிரித்துக்கொண்டு வந்தாள். தோளைவிட அந்த நினைப்பில்லாமைதான் என்னைச் சுட்டது.

அன்றிலிருந்து அவளைப் பார்க்க ஆரம்பித்தேன். பொறாமைப்படுகிறவள் பார்ப்பதுபோல் இன்னொருத்தியை வேறு யாரும் பார்ப்பதில்லை. கட்டிய கணவன்கூட அப்படிப் பார்த்திருக்க மாட்டான். மாடியில் துணி காயப்போடும்போது பார்த்தேன், சிலிண்டர் தூக்கும்போது பார்த்தேன், தலைக்குமேல் கொண்டை போடும்போது பார்த்தேன். கை மேலே போகும்போது அக்குளிலிருந்து இடுப்புவரை பக்கவாட்டு முழுக்க நீள்கிறது. முதுகில் தோள்பட்டை எலும்பு வெளியே வந்து சுற்றுகிறது. துணி அந்த இடத்தில்தான் பற்றாமல் போகிறது. நான் கைக்குழியைக் கீழே இறக்க இறக்க, கையும் உடம்பும் சேருகிற இடம் இடுப்புக்குப் பக்கத்தில் போய்விடுகிறது. பிறகு கை தூக்கினால் அது இடுப்புத் துணியைத்தானே பிடித்து இழுக்கும்? அவள் சொன்னதெல்லாம் உண்மை. உண்மை என்று தெரிந்ததில் எனக்கு நிம்மதி இல்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மாடியில் அவளைக் கூப்பிட்டேன்.

"உங்கிட்ட ஒடம்பப் புடிச்ச மாதிரி பழைய டாப்ஸ் எதனா கீதா?"

"கீதுக்கா. இன்னாத்துக்கு?"

"போட்டுகினு வா. கிழிப்பேன், பரவால்லியா?"

உடம்பைப் பிடித்த ஒரு பழைய சுடிதார் டாப்ஸைப் போட்டுக்கொண்டு வந்தாள். அக்குளுக்குக் கீழே பக்கத் தையலையும் கையின் உள் தையலையும் பிரிப்பதற்குக் கத்தரியை வைத்தேன். கத்தரியின் நுனி அவள் தோலைத் தொடுகிற மாதிரி இருந்தது. அவள் அசையாமல் நின்றாள். இத்தனை நடந்தும் என்னை நம்பி அக்குளைக் காட்டிக்கொண்டு நிற்கிறாளே என்று எரிச்சலாக இருந்தது.

"கூசுதுக்கா" என்று மட்டும் சொன்னாள்.

"இப்ப தூக்கு."

தூக்கினாள். நான் பிரித்த தையல் வாய் திறந்தது. நடுவில் அகன்று இரண்டு முனையிலும் கூர்மையாக, வேப்பிலையை இன்னும் அகலமாக்கிய மாதிரி ஒரு திறப்பு. அவள் கைக்குக் குறைந்த துணி அவ்வளவுதான். அதன்மேல் காகிதத்தை வைத்து பென்சிலால் ஓரம் வரைந்துகொண்டேன். அவள் கை வலிக்க வலிக்க நின்றாள், நான் வேண்டுமென்றே மெதுவாக வரையவில்லை என்று சொல்ல மாட்டேன்.

அந்தத் துண்டை அக்குளில் வைத்து, கைக்குழியை அக்குளுக்கு நெருக்கமாக மேலே ஏற்றி, தோளில் வந்து சேருகிற துணிக் கையின் உச்சி வளைவைத் தாழ்த்திப் புது பேட்டர்ன் போட்டேன். கையைத் தொங்கவிட்டால் அக்குளில் துணி கொஞ்சம் மடிந்து நின்றது. எனக்கு அதைப் பார்க்கவே கஷ்டமாக இருந்தது. இவ்வளவு காலம் இப்படி ஒரு மடிப்பு இல்லாமல் தைத்ததற்குத்தான் எனக்கு மரியாதை. ஆனால் அவள் கையைத் தூக்கியபோது மடிப்பு காணாமல் போனது. விளிம்பு இருந்த இடத்தில் இருந்தது. ஏணியில் ஏறினாள், தொங்கினாள், யாரையோ பிடிக்கப் பாய்கிற மாதிரி அறைக்குள் ஒரு பாய்ச்சல் பாய்ந்தாள். ஏறவில்லை.

அந்த வெளிநாட்டு அம்மா கைதட்டினாள். எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில்தான் நின்றாள். திரும்பி ஓரகத்தியின் தோளைத் தட்டிக்கொடுத்தாள். எனக்கும் ஒரு புன்னகை கிடைத்தது. இல்லை என்று சொல்லவில்லை.

மறு வாரம் மேனேஜர் என் மேஜைக்கு வந்தார். தலையைச் சொறிந்துகொண்டு நின்றார்.

"கொடைக்கானல் போறதுங்க... சாம்பிள் சைஸ் போட்டுக்கறவங்கதான் வரோணும்னு சொல்லிட்டாங்க. நடந்து பாக்கறது அந்த உடம்புக்குத்தானுங்களே. உங்களுக்குப் புரியும்."

"புரியுது சார்" என்றேன். போய் பாத்ரூமில் தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து அவள் ஜாக்கெட்டுக்கு ஜிப் சரியாக ஓடுகிறதா என்று நானே பார்த்துக் கொடுத்தேன். மலையில் ஜிப் மாட்டிக்கொண்டால் என் பெயர்தானே கெடும்.

அவள் கிளம்புகிற அன்று காலில் விழுந்தாள். "நீ போவ வேண்டியதுக்கா" என்றாள். "பத்தரமா போய்ட்டு வா" என்றேன். மாமியார் புளிசாதம் கட்டிக் கொடுத்தார். நான் கம்பெனிக்குப் போய் அடுத்த அட்டையை வெட்டினேன்.

இரண்டு நாள் கழித்துச் சாயங்காலம் கொழுந்தனாரின் போனில் ஒரு வீடியோ வந்தது. ஹாலில் எல்லோரும் அதைச் சுற்றிக்கொண்டார்கள். பின்னால் முழுக்க மேகம். ஒரு பாறைமேல் அவள் நிற்கிறாள். காவி நிற ஜாக்கெட். காற்றில் முடி பறக்கிறது. ஏதோ கத்திவிட்டு இரண்டு கையையும் வானத்தைத் தொடுகிற மாதிரி தூக்குகிறாள்.

"இன்னாமா நிக்கிறா பாரு" என்றார் மாமியார். கண் கலங்கியிருந்தது. கொழுந்தனார் வாய் மூடாமல் சிரித்தார். என் வீட்டுக்காரர், "மலை நல்லாகீதுல்ல" என்றார். ஜாக்கெட்டை ஒருத்தரும் பார்க்கவில்லை.

எல்லோரும் பார்த்து முடித்த பிறகு போனை வாங்கிக்கொண்டு சமையல்கட்டுக்குப் போனேன். அவள் முகத்தைப் பார்க்கவில்லை, கீழ் விளிம்பை மட்டும் பார்த்தேன். கை மேலே போகிறது. விளிம்பு அசையவில்லை. நிறுத்தி, பின்னால் ஓட்டி, மறுபடி பார்த்தேன். எங்கேயாவது, ஒரு பக்கமாவது, கொஞ்சம் ஏறுகிறதா என்று விரலால் பெரிதாக்கிப் பார்த்தேன். பிறகுதான் ஹாலில் சத்தத்தில் கேட்காமல் போனது ஞாபகம் வந்து, அவள் கத்துவது என்ன என்று போனைக் காதில் வைத்துக் கேட்டேன்.

"அக்கா, பாத்துக்கோ, ஏறவேயில்ல" என்று கத்திக்கொண்டிருந்தாள்.

மறுபடி முதலிலிருந்து ஓட்டினேன். நான் வெட்டிய கை, நான் வைத்த துண்டு. ஒரு விரல் அளவாவது ஏறியிருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும். ஏறவில்லை.